இசைக்குழு கண்டக்டராக வேண்டுமா? முதலில் ஒத்திகைப் பியானோவில் உட்காருங்கள்

இசை நாடகத்துக்கு மெட்டுப் போட்டு, வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதி, முதல் காட்சியன்று கையில் குச்சியோடு வாத்தியக் குழுவை நடத்த ஆசைப்படுகிறவர்கள் என்னிடம் வழி கேட்பதுண்டு. ஒத்திகைக்குப் பியானோ வாசிக்கப் போங்கள் என்பேன். பலருக்கு முகம் சுருங்கிவிடும்.

நானும் அங்கேதான் தொடங்கினேன். நடன இயக்குநர் அதே 8 பாரை, அதாவது 8 தாளக் கட்டங்களை, திரும்பத் திரும்ப வாசிக்கச் சொல்வார். சலிப்பான வேலைதான். ஆனால் எந்த வரியில் நடிகைக்கு மூச்சு முட்டுகிறது, குதித்தவர் எந்த அடியில் தரைக்கு வருகிறார் என்பதெல்லாம் அங்கே உட்கார்ந்தவருக்குத்தான் தெரியும். பென்சிலால் குறித்து வையுங்கள். பேனா வேண்டாம், நாளைக்கே அந்தக் காட்சியை வெட்டிவிடுவார்கள்.

வாத்தியம் பிரிப்பதற்கு முன்பே சுருதியை முடிவு செய்துவிடுங்கள். பாடகர் உச்ச ஸ்வரத்தை ஒரு தடவை தொட்டுவிட்டார் என்பதற்காகச் சம்மதிக்காதீர்கள். ஆடி முடித்த கையோடு பாடச் சொல்லிக் கேளுங்கள். நியூயார்க்கின் நாடக அரங்குகள் நிறைந்த பிராட்வேயில் வாரத்துக்கு 8 காட்சி. அரை ஸ்வரம் இறக்கினால் குடி ஒன்றும் முழுகிவிடாது.

பி பிளாட் கிளாரினெட் என்ற குழல் வாத்தியம், எழுதியதைவிட ஒரு முழு ஸ்வரம் கீழே ஒலிக்கும். அதனால் ஒரு ஸ்வரம் மேலே எழுத வேண்டும். இது தெரிந்திருந்தும் ஒருமுறை அவசரத்தில் அப்படியே நகலெடுத்துக் கொடுத்துவிட்டேன். வாசித்தவர் ஒன்றும் சொல்லவில்லை. என்னை ஒரு பார்வை பார்த்தார், அவ்வளவுதான். புல்லாங்குழல், கிளாரினெட், சாக்ஸபோன் மூன்றையும் ஒருவரே மாற்றி மாற்றி வாசிப்பது இந்தத் தொழிலில் சகஜம். கருவி மாற்ற நாலைந்து பாராவது ஓய்வு விடுங்கள். எடுத்த உடனே தனி வாசிப்பும் வேண்டாம். ஆறிப்போன குழல் சுருதி இறங்கித்தான் பேசும்.

மெட்டு, வாத்தியம் பிரிப்பது, குழுவை நடத்துவது என்ற மூன்று வேலையையும் ஒரே ஆள் செய்தால்தான் மரியாதை என்றும் நினைக்காதீர்கள். கெர்ஷ்வின், ரிச்சர்ட் ராஜர்ஸ் போன்ற பெரிய அமெரிக்க இசையமைப்பாளர்களின் பாட்டுகளுக்கே வாத்தியம் பிரித்துக் கொடுத்தவர் ராபர்ட் ரஸ்ஸல் பென்னட்.

அப்புறம், வேம்ப். வசனம் முடியும்வரை சுற்றிச் சுற்றி வாசிக்கும் 2 அல்லது 4 பார். இதை ஒழுங்காக எழுதத் தெரியாதவரிடம் நான் குச்சியைக் கொடுக்கமாட்டேன். காதை இழுக்கும் மெட்டை அதில் வைக்காதீர்கள். கீழ் ஸ்தாயியில் பாஸும் தாளமும் போதும். நான்காவது பாருக்காகக் காத்திராமல் எந்த பாரிலிருந்தும் பாட்டுக்குள் இறங்க முடிகிற மாதிரி ஸ்வரங்களை அமையுங்கள். வெளியேறும் சைகையை முதல் ஒத்திகையிலேயே எல்லோரிடமும் சொல்லிவிடுங்கள். என்னுடையது இடது கை முஷ்டி: உயர்த்தினால் இதுதான் கடைசிச் சுற்று. கண் மட்டும் நடிகரின் தோளில் இருக்கட்டும். பாடுவதற்கு முன் மூச்சு இழுக்கும்போது தோள் அசையும்.

ஒரு காட்சியில் நாயகன் சட்டைப்பையில் கைவிட்டார், வாசிக்க வேண்டிய கடிதம் இல்லை. மேடையெங்கும் தேடினார், வாய்க்கு வந்த வசனத்தையெல்லாம் பேசினார். நாங்கள் அந்த 2 பாரைச் சுற்றிக்கொண்டே இருந்தோம். ட்ரம்மர் என்னை முறைக்க ஆரம்பித்துவிட்டார். 14ஆவது சுற்றில் கடிதம் தொப்பிக்குள்ளிருந்து வந்தது. அவர் தோள் அசைந்தது, முஷ்டியை உயர்த்தினேன். அரங்கில் இருந்தவர்கள் அதை நாடகத்தின் ஒரு பகுதி என்றே நினைத்துக் கைதட்டினார்கள்.