வைக்கோல் பையில் 45 நாள்: குழந்தையோடு சேர்ந்து சிப்பிக் காளான் வளர்ப்பது எப்படி?

விதை ஊன்றினால் மறுநாளே தோண்டிப் பார்க்கிற குழந்தை உங்கள் வீட்டிலும் இருக்கும். என் மகள் ஏழு வயதில் ஒரு அவரை விதையை மூன்று முறை தோண்டிப் பார்த்தாள். நான்காம் முறை அது கையோடு வந்துவிட்டது. அழுகை, கோபம், தொட்டியை எட்டி ஓர் உதை.

அதன் பிறகுதான் காளானுக்கு வந்தோம். காளான் வளரும் பை கண்ணாடிபோலத் தெரியும். உள்ளே என்ன நடக்கிறது என்று தினமும் பார்க்கலாம், ஆனால் திறக்கக் கூடாது. பொறுமையில்லாத பிள்ளைக்கு இதைவிடப் பொருத்தமான வேலை எனக்குத் தெரியவில்லை. இதனால் கவனம் கூடும், மனம் அமைதியாகும் என்றெல்லாம் நான் அளந்து பார்த்ததில்லை. காலையில் எழுந்ததும் அவள் தானாகவே பைக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள், அவ்வளவுதான் சொல்ல முடியும்.

முதலில் ஒரு எச்சரிக்கை. ஆஸ்துமாவோ தூசி ஒவ்வாமையோ உள்ளவர்கள் வீட்டில் இருந்தால் இதைத் தொடங்க வேண்டாம். வைக்கோல் தூசியும், முற்றிய காளான் உதிர்க்கும் வித்துத்தூளும் இருமலைக் கிளப்பும்.

என்னென்ன வேண்டும்

முதல் முயற்சிக்குச் சிப்பிக் காளான்தான் சரி. மொட்டுக் காளானுக்கு மட்கிய உரம், மேல்மண், 16 முதல் 18 டிகிரி செல்சியஸ் குளிர் என்று பெரிய ஏற்பாடு வேண்டும். சிப்பிக் காளானுக்கு வெறும் வைக்கோல் போதும். 20 முதல் 28 டிகிரி வரை உள்ள அறையில் வளர்ந்துவிடும்.

காய்ந்த வைக்கோல் அரைக் கிலோ, காளான் வித்து 150 கிராம், சுமார் 30 செ.மீ. அகலமும் 45 செ.மீ. நீளமும் உள்ள ஒளி ஊடுருவும் பாலிதீன் பை ஒன்று, கட்டச் சணல், நீர் தெளிக்க ஸ்பிரே பாட்டில். வைக்கோல் பொன்னிறமாக, மழையில் நனையாததாக இருக்கட்டும். கறுத்துப்போன வைக்கோலில் வேறு பூஞ்சை ஏற்கெனவே குடியேறியிருக்கும். கோதுமைத் தாளும் உதவும்.

வித்து என்பது வேகவைத்த தானியத்தில் பூஞ்சணத்தை, அதாவது காளானின் வெள்ளை இழைகளை, வளரவிட்டுத் தருவது. பொட்டலம் முழுக்க வெள்ளையாக இருக்க வேண்டும். பச்சை, கறுப்புப் புள்ளியோ மஞ்சள் நீரோ தெரிந்தால் வாங்காதீர்கள். வாங்கியதைச் சில நாட்களுக்குள் பயன்படுத்திவிடுங்கள்.

முதல் நாள் மாலை: ஊறவைத்தல்

வைக்கோலை 5 செ.மீ. துண்டுகளாக நறுக்குங்கள். மூக்கையும் வாயையும் துணியால் கட்டிக்கொண்டு இதைப் பெரியவர்கள் செய்யலாம். துண்டுகளை வாளியில் போட்டு நீர் ஊற்றி, மேலே கனமான தட்டை வைத்து அமுக்கிவிடுவது குழந்தையின் வேலை. வைக்கோல் மிதந்து மிதந்து மேலே வரும். அதை அமுக்குவதே ஒரு விளையாட்டு. இரவு முழுக்க ஊறட்டும்.

இரண்டாம் நாள்: சூடு, ஈரம், படுக்கை

ஊறிய வைக்கோலை நீரோடு அடுப்பில் ஏற்றி, 80 டிகிரி வாக்கில் ஒரு மணி நேரம் வையுங்கள். அடியில் சிறு குமிழ்கள் வரும், ஆனால் தளதளவென்று கொதிக்காது. அந்தப் பதம் போதும். வைக்கோலில் ஒட்டியிருக்கும் போட்டிப் பூஞ்சைகளை அடக்குவதுதான் நோக்கம். பார்மலின் போன்ற மருந்து கலந்த நீரில் ஊறவைக்கிற முறையும் உண்டு. குழந்தைகள் புழங்கும் வீட்டில் அது வேண்டவே வேண்டாம். சுடுநீர் வேலையிலும் குழந்தை எட்ட நிற்கட்டும்.

அடுத்து வருவதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள், நானும் விட்டேன். நீரை வடித்து, வைக்கோலைச் சுத்தமான துணியில் பரப்பி ஆறவிடுங்கள். ஒரு கைப்பிடி எடுத்து இறுக்கிப் பிழியுங்கள். நீர் ஒழுகினால் இன்னும் உலர வேண்டும். உள்ளங்கை ஈரமாகி, நீர் சொட்டாமல் நின்றால் பதம் சரி. எங்கள் முதல் காளான் படுக்கையில், அதாவது வைக்கோலும் வித்தும் அடுக்கிய பையில், அவசரப்பட்டேன். பையின் அடியில் நீர் தேங்கி, பத்தாம் நாள் புளித்த வாடை அடித்தது. இந்தப் பிழியும் சோதனையை இப்போது மகள்தான் செய்கிறாள். அவள் தலையாட்டினால்தான் அடுத்த வேலை.

வைக்கோல் முழுக்க ஆறிய பிறகுதான் வித்து. சூட்டில் போட்டால் வித்து செத்துவிடும். மின்விசிறியை நிறுத்துங்கள். இருவரும் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். வித்தைப் பொட்டலத்துக்குள்ளேயே உதிர்த்து, ஐந்து பங்காகப் பிரியுங்கள்.

பையின் அடியைச் சணலால் கட்டி, நான்கு விரற்கடை உயரத்துக்கு வைக்கோல் போட்டு அமுக்குங்கள். மேலே ஒரு பங்கு வித்து, அதையும் ஓரமாகத் தூவ வேண்டும், பையின் சுவரை ஒட்டி. ஓரத்தில் இருந்தால்தான் வெளியிலிருந்து பார்க்கும்போது பரவுவது தெரியும். இப்படியே வைக்கோல், வித்து என்று ஐந்து அடுக்கு. வைக்கோலை இறுக்கமாக அமுக்குங்கள். இடையில் வெற்றிடம் இருந்தால் அங்கே இழை தாண்டாது. மேலே மெல்லிய வைக்கோல் போர்வை போட்டு வாயைக் கட்டி, பையைச் சுற்றிப் பத்துப் பன்னிரண்டு இடங்களில் பென்சில் பருமனுக்குத் துளை போடுங்கள். துளை போடுவது என் பங்கு, எண்ணுவது அவள் பங்கு.

காத்திருக்கும் நாட்கள்

வெயில் படாத, அரையிருட்டான மூலையில் தொங்கவிடுங்கள். படுக்கையறை வேண்டாம். 15 முதல் 20 நாட்கள் நீர் தெளிக்கத் தேவையில்லை, ஒன்றும் செய்யத் தேவையில்லை. குழந்தைக்கு இதுதான் கடினமான பகுதி. எனக்கும்தான்.

நாங்கள் செய்தது இது. ஒரு நோட்டில் தினமும் பையின் படம். எழுத வேண்டியதில்லை, வெள்ளை எவ்வளவு தூரம் வந்திருக்கிறது என்று வரைந்தால் போதும். மூன்றாம் நாள் வித்தைச் சுற்றிப் பஞ்சுபோல ஒரு வெண்மை. பத்தாம் நாள் அடுக்குகள் ஒன்றையொன்று தொட்டுவிடும். பிறகு பை முழுக்கப் பால்வெள்ளை. வரைந்ததைத் திருத்தாதீர்கள், அதை வைத்துக் கேள்வி கேட்டுச் சோதிக்காதீர்கள். பள்ளியில் அது ஏராளமாக நடக்கிறது.

அவளாகக் கேட்கும்போது சொல்ல நல்ல விஷயங்கள் உண்டு. காளான் செடி அல்ல. பச்சையம் கிடையாது, வெயிலிலிருந்து உணவு செய்யத் தெரியாது. நாம் சாப்பிட்ட பிறகு வயிற்றில் செரிக்கிறோம். பூஞ்சணமோ நொதிகளைச் சுரந்து வைக்கோலை வெளியிலேயே செரித்துவிட்டு, பிறகு உறிஞ்சிக்கொள்ளும். “அப்படின்னா பைக்கு உள்ளேயே அதோட வயிறா?” என்றாள். இதைவிட நன்றாக என்னால் சொல்லியிருக்க முடியாது.

வெள்ளைக்கு நடுவே பச்சைத் திட்டு தெரிந்தால் அது பெரும்பாலும் டிரைக்கோடெர்மா என்ற போட்டிப் பூஞ்சை. பை கை விட்டுப்போனது என்று வைத்துக்கொள்ளுங்கள். திறக்காமலே வெளியேற்றிவிடுங்கள். குழந்தை வருந்தினால் வருந்தட்டும். “பரவாயில்லை, வேறு வாங்கிக்கலாம்” என்று உடனே மூடிவிடாமல், எங்கே தவறியிருக்கலாம் என்று இருவரும் யோசியுங்கள். ஈரமா, ஆறாத வைக்கோலா, கழுவாத கையா? புளித்துப்போன எங்கள் பைக்குக் காரணம் என் அவசரம்தான் என்று அவளிடம் ஒப்புக்கொண்டேன். அம்மாவும் தப்பு செய்வாள் என்பதில் அவளுக்கு இருந்த மகிழ்ச்சியைச் சொல்லி மாளாது.

மொட்டு வரும் வாரம்

பை முழுக்க வெளுத்ததும் இடத்தை மாற்றுங்கள். செய்தித்தாள் படிக்கிற அளவுக்கு வெளிச்சம், மெல்லிய காற்றோட்டம், நல்ல ஈரப்பதம் வேண்டும், 80 சதவீதத்துக்கு மேல். அருகில் ஈரத்துணி தொங்கவிட்டால் உதவும். இப்போது ஸ்பிரே பாட்டில் முழுக்கக் குழந்தையின் பொறுப்பு. காலை, மதியம், மாலை என்று பனிபோல, பையைச் சுற்றிக் காற்றில் தெளிக்க வேண்டும். மொட்டின் மேல் பீய்ச்சினால் அழுகும். பள்ளி நாளில் மதிய முறை உங்களுடையது. அவள் மறந்த நாளில் நீங்கள் தெளித்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் இருந்துவிடுங்கள்.

நாலைந்து நாளில் துளைகளில் குண்டூசித் தலைகள் எட்டிப் பார்க்கும். அதற்குப் பிறகு வேகம் தலைகீழாக மாறும். காலையில் நகம் அளவு இருந்தது மாலையில் கண்ணுக்குத் தெரிகிற அளவு பெருத்திருக்கும். மூன்று வாரம் காத்த குழந்தைக்கு இந்த மூன்று நாள் திருவிழா. நோட்டில் ஒரே நாளில் நான்கு படம்!

காம்பு நீண்டு குடை சிறுத்தால் காற்று போதவில்லை. உள்ளே கரியமில வாயு தேங்குகிறது. குடையின் ஓரம் காய்ந்து வெடித்தால் ஈரம் போதவில்லை.

அறுவடை

குடையின் ஓரம் இன்னும் கீழ்நோக்கி இருக்கும்போதே பறியுங்கள். ஓரம் மேல்நோக்கிச் சுருள ஆரம்பித்தால் வித்துத்தூள் உதிரத் தொடங்கிவிடும். கொத்தை அடியில் பிடித்து மெல்லத் திருகினால் முழுசாக வரும். குழந்தையின் கைக்கு ஏற்ற வேலை இது. காகிதப் பையில் போட்டுக் குளிர்பெட்டியில் வைத்தால் மூன்று நான்கு நாள் தாங்கும். பச்சையாகத் தின்னக் கூடாது, நன்றாக வேகவைக்க வேண்டும்.

தொடர்ந்து நீர் தெளித்தால் எட்டுப் பத்து நாளில் இரண்டாம் அறுவடை, பிறகு மூன்றாவது. முதலாவதில்தான் அதிகம் கிடைக்கும். மூன்றும் சேர்த்து அரைக் கிலோ வைக்கோலுக்கு 300 முதல் 500 கிராம் வரை எதிர்பார்க்கலாம்.

வெளியில் முளைக்கும் காளானைத் தொட்டாலும் வாயில் வைக்கக் கூடாது என்பதை முதல் நாளே சொல்லிவிடுங்கள், அறுவடை நாளில் மறுபடி சொல்லுங்கள். உண்ணும் காளானைப் போலவே இருக்கும் நச்சுக் காளான்கள் உண்டு; பார்வையால் பிரித்தறிய நம்மால் முடியாது.

மூன்றாம் அறுவடைக்குப் பிறகு பை சுருங்கிப் பழுப்பாகிவிடும். பாலிதீனைக் கழற்றி, வைக்கோலை உதிர்த்துச் செடித் தொட்டியில் போட்டோம். இரண்டு வாரம் கழித்து ஒரு மழைக்கு அந்தத் தொட்டியில் வெள்ளையாக ஒரு குடை எழுந்தது. நம்முடையதாகவும் இருக்கலாம், காற்றில் வந்த வேறெதுவாகவும் இருக்கலாம். “இது சாப்பிட இல்லை, வரைய மட்டும்” என்று அவளே சொல்லிவிட்டு நோட்டை எடுக்கப் போனாள்.