நாழிகைத் துயில்: மொரீசியஸ் கதைக்கு ஒரு மந்திர நோய் செய்யும் முறை

ககுத்மி ராஜா மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரம்மலோகம் போய், அங்கே கச்சேரி முடியட்டும் என்று காத்திருந்தார். அதற்குள் கீழே 27 சதுர்யுகம் ஓடிவிட்டது. புராணத்திடம் யாரும் கணக்குக் கேட்பதில்லை. உங்கள் கதையிடம் கேட்பார்கள். ஆகவே, தூங்குபவருக்குக் காலம் மெதுவாக ஓடும் இந்த நோய்க்குப் பெயர் வைப்பதற்கு முன்னால், வெளியே ஓடும் காலத்துக்கும் அவர் காலத்துக்கும் உள்ள விகிதத்தை முடிவு செய்யுங்கள்.

எளிய விகிதம்: வெளியே ஒரு நாள், தூங்குபவருக்கு ஒரு நாழிகை. நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம். அதாவது 60 மடங்கு. பஞ்சாங்கமும் ஒத்துவரும். திருக்கார்த்திகைப் பௌர்ணமியிலிருந்து தைப்பூசப் பௌர்ணமி வரை ஏறக்குறைய 59 நாள். விளக்கேற்றிய இரவு படுத்தவர் காவடியன்று எழுந்தால், அவர் கணக்கில் போனது 23 மணி 36 நிமிடம். வாசலில் வைத்த அகல் எங்கே என்றுதான் முதலில் கேட்பார்.

நோய் எப்படி வந்தது என்பதில் அதிகம் மெனக்கெட வேண்டாம். ஆப்பிரிக்கத் தூக்க நோயை மட்டும் இழுக்காதீர்கள். அதைப் பரப்பும் ட்செட்சி ஈ நம் தீவில் கிடையாது. சாபம், தீண்டக்கூடாத சுனை, எதுவானாலும் இரண்டு வரி போதும்.

உடம்புக்குத்தான் பக்கம் ஒதுக்க வேண்டும். நிமிடத்துக்கு 72 முறை துடிக்கும் இதயம் இப்போது 50 விநாடிக்கு ஒருமுறை துடிக்கும். மூச்சு நான்கு நிமிடத்துக்கு ஒன்று. அரை நிமிடம் நாடி பிடித்துப் பார்த்துவிட்டு ‘போய்விட்டார்’ என்று சொல்லிவிடுவார்கள். மூக்கருகே கண்ணாடி பிடித்தாலும் முழுதாக நான்கு நிமிடம் பிடிக்க வேண்டும். வீட்டில் ஒருவருக்காவது அந்தப் பொறுமை இருக்கட்டும். கணக்குப்படி உடல் சூடும் அறுபதில் ஒரு பங்காகத்தான் உண்டாகும், சீக்கிரமே சில்லிட்டுப்போகும். மந்திரத்துக்கு ஒரே ஒரு சலுகை தரலாம் என்றால் அதை இங்கே கொடுங்கள்: சூடு குறையாது. இரண்டாவது சலுகை கொடுத்தால் விகிதத்துக்கு மதிப்பிருக்காது.

பராமரிப்புக் காட்சிகளில்தான் பலர் சறுக்குகிறார்கள். கரண்டியில் கஞ்சி ஊட்டுவது பெரிய பிழை. ஒரு விழுங்கலுக்கு ஒரு நிமிடம் ஆகும், அதற்குள் கஞ்சி மூச்சுக்குழாயில் இறங்கிவிடும். ஊட்டவே வேண்டாம், அவருக்கு அது ஒருநாள் பட்டினிதான். வீட்டில் மற்றவர்கள் கொடியேற்றி விரதமிருக்கும் பத்து நாள், அவருக்கு நான்கு மணி நேரம். படுக்கைப்புண் வராமலிருக்க இரண்டு மணிக்கொருமுறை புரட்டுவது வழக்கம். இவரை ஐந்து நாளுக்கொருமுறை புரட்டினால் போதும். ஆனால் சட்டென்று புரட்டினால் அவருக்கு அது அடி விழுந்த மாதிரி இருக்கும். ஐந்து நிமிடம் எடுத்துக்கொண்டு, தோளும் இடுப்பும் ஒன்றாக நகரும்படி திருப்ப வேண்டும்.

அவர் உள்ளிருந்து எதை உணர்கிறார்? மூடிய இமை வழியே சுமார் 13 நிமிடம் செம்மை, 11 நிமிடம் இருட்டு. கோடையில் நம் பகலிரவு அப்படித்தான் சுருங்கும். புயலில் நான்காம் எச்சரிக்கை வந்து, 120 கிலோமீட்டர் காற்றில் ஜன்னலெல்லாம் அடைத்துக் கிடக்கும் ஒரு பகல், அவருக்கு ஒரு துண்டு வெளிச்சம் காணாமல் போனதாகத் தெரியும். பேச்சு எட்டாது. அம்மாவின் குரல் 200 ஹெர்ட்ஸ் என்றால் அவர் காதில் 12,000. கொசு ரீங்காரத்தைவிட மெல்லிய கீச்சு.

மருந்தை இந்த இடத்தில் வையுங்கள். விநாடிக்கு நான்கு தட்டு விழும் மேளம் அவருக்கு 240 ஹெர்ட்ஸ், கிட்டத்தட்ட ஒரு பெண் குரலின் சுருதி. மூன்று தட்டைச் சட்ஜமாகக் கொண்டால் நான்கு சுத்த மத்தியமம், நாலரை பஞ்சமம். தட்டும் வேகத்தை மாற்றி ஒரு தாலாட்டையே அவர் காதுக்கு அனுப்பலாம். ஒரு ஸ்வரம் அரை விநாடி கேட்க, வெளியே 30 விநாடி பிசகாமல் தட்ட வேண்டும். நான்கு வரிப் பாட்டுக்கு, வரிக்கு 16 ஸ்வரம் வைத்தால், 32 நிமிடம். ஒருவர் கை தாங்காது. மூன்று பேராவது மாறி மாறி அடிக்கட்டும். பக்கத்து வீட்டிலிருந்து ரவான் என்ற நம் தீவுத் தோல் மேளத்தையும் கொண்டுவரலாம். ஆட்டுத்தோல் ஈரக்காற்றில் தளரும், அடிக்கு முன் தீயில் காட்டி முறுக்கேற்ற வேண்டும். கைமாறும்போது ஒரு விநாடி இடைவெளி விழுந்தால் அவருக்கு அது சின்ன வெட்டு. பத்து விநாடி என்றால் பாட்டே அறுந்துவிடும்.

எல்லாவற்றுக்கும் கடிகாரத்தைக் காட்டாதீர்கள். 2008 அக்டோபர் முதல் 2009 மார்ச் வரை இங்கே ஒரு மணி முன்தள்ளி வைத்திருந்தார்கள், பிறகு கைவிட்டார்கள். அந்தக் கோடையில் கதை நடந்தால் சுவர்க்கடிகாரமும் சூரிய உதயத்திலிருந்து எண்ணும் நாழிகையும் ஒத்துப்போகாது. குழப்பம் வேண்டுமென்றால் மட்டும் அந்த வருடத்தை எடுங்கள். மனக்கணக்கு தவறுவதற்கு மந்திரமே தேவையில்லை என்பதும் நினைவிருக்கட்டும்: 1962இல் மிஷேல் சிஃப்ர் என்ற பிரெஞ்சுக்காரர் கடிகாரமின்றிக் குகையில் தங்கினார். செப்டம்பர் 14 அன்று வெளியே அழைத்தபோது ஆகஸ்ட் 20தான் என்று நினைத்திருந்தார்.

விழிப்பை ஒரே நொடியில் முடிக்க வேண்டாம். 60, 20, 5, 1 என்று இறக்குங்கள். ஐந்தில் இருக்கும்போது அவர் வாய் திறப்பார். ஒரு விநாடிச் சொல் ஐந்து விநாடி இழுபடும், குரல் இரண்டு ஸ்தாயிக்கும் கீழே உறுமலாக வரும். அதைக் காட்ட ‘த...ண்...ணீ...ர்’ என்று புள்ளி வைத்து நிரப்பாதீர்கள். தங்கை அதைப் போனில் பதிவு செய்து, வேகத்தை ஐந்து மடங்காக்கிக் கேட்கட்டும். கேட்டதும் அவள் சமையலறைக்குப் போய்ச் செம்பை எடுக்கட்டும்.