இளம் புள்ளிப்புறாவை அடையாளம் காண்பது எப்படி?

மணிப்புறா என்றும் அழைக்கப்படும் புள்ளிப்புறா ஒன்று முற்றத்தில் மேயும்போது, அது இளையதா முதிர்ந்ததா என்று அறிய விரும்புகிறவர் அதன் பருமனை நம்பக் கூடாது. முட்டையிலிருந்து வெளிவந்து ஏறத்தாழ இரண்டு வாரத்தில் கூட்டை விட்டு இறங்கும் குஞ்சு, சற்றுச் சிறுத்தும் வால் குட்டையாகவும் இருந்தாலும், தனியே நிற்கையில் வளர்ந்த பறவையைப் போலவே தோன்றும்.

பார்க்க வேண்டிய இடம் பின்கழுத்து. முதிர்ந்த பறவையின் அப்பகுதியில் உள்ள கறுப்பு இறகு ஒவ்வொன்றும் நுனியில் இரண்டாகப் பிளந்து, இரு முனையிலும் வெண்புள்ளி தாங்கியிருப்பதால், பட்டை முழுவதும் முத்து தைத்ததுபோல் காணப்படும். இளம் பறவைக்கு அந்தப் பட்டையே இராது. மங்கிய பழுப்பு நிறம் மட்டுமே இருக்கும். கழுத்தைச் சுருக்கி அமர்ந்திருக்கும் பறவையைக் கண்டு முடிவு செய்யாமல், அது தலை குனிந்து இரை பொறுக்கும் வரை பொறுத்திருப்பது நல்லது.

அடுத்ததாகச் சிறகைக் கவனிக்கலாம், ஆனால் இங்கேதான் பலரும் தவறுகிறார்கள். நம் நாட்டுப் புள்ளிப்புறாவில் முதிர்ந்ததன் சிறகிலும் வெளிறிய புள்ளிகள் உண்டு. அவை இறகின் நடுத்தண்டை ஒட்டிய கருங்கோட்டால் இரண்டாகப் பிரிந்திருக்கும். இளையதிலோ இறகின் விளிம்பை ஒட்டி மெல்லிய செம்பழுப்புக் கரை ஓடும். தலையில் மஞ்சள் நிறத் தூவி இழை ஓரிரண்டு ஒட்டிக்கொண்டிருந்தால், அது கூட்டை விட்டு வந்து சில நாள்களே ஆன குஞ்சு என்பதில் ஐயமில்லை.

கள்ளிப்புறாவிலும் இதே முறை பொருந்தும்: முதிர்ந்ததற்குப் பின்கழுத்தில் கறுப்பு அரைவளையமும் சிவந்த கண்ணும் உண்டு, இளையதற்கு வளையம் இராது, கண்ணும் பழுப்பாக இருக்கும். சின்னத் தவிட்டுப்புறாவின் குஞ்சுக்கு முன்கழுத்தின் கட்டம்போட்ட பட்டை தென்படாது.

இறகுதிர்ப்பின்போது கழுத்துப் பட்டை சிறிது சிறிதாகவே நிரம்பும். ஆகவே அரைகுறைப் பட்டையுடன் இருப்பது வளரும் இளம் பறவையாகவோ, இறகு மாற்றும் முதிர்ந்த பறவையாகவோ இருக்கலாம் என்பதை மறக்க வேண்டாம். அப்போது கால்களைப் பாருங்கள், முதிர்ந்ததற்கு அவை நன்கு சிவந்திருக்கும்.

பட்டையில்லாத குஞ்சு தரையில் தனியே நிற்பதைக் கண்டால், காயமோ பூனையின் அச்சமோ இல்லாத வரையில் கையில் எடுக்காமல் தள்ளி நின்று பாருங்கள். பெரும்பாலும் தாயோ தந்தையோ அருகிலிருந்து வந்து ஊட்டும்.