எல்லா வேலையும் நானே: சுயாதீன இயக்குநர் சறுக்கும் இடங்கள்

அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ் தன் முதல் முழுநீளப் படமான 'எல் மரியாச்சி'யைச் சுமார் 7,000 டாலரில் எடுத்தார். எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, எடிட்டிங் எல்லாம் அவரே. இந்தக் கதையைச் சொல்லித்தான் பலரும் களத்தில் இறங்குகிறார்கள். அதைத் தியேட்டருக்குக் கொண்டுபோக கொலம்பியா என்கிற ஹாலிவுட் பட நிறுவனம் பல மடங்கு செலவழித்தது என்கிற மிச்சக் கதை யாருக்கும் நினைவிருப்பதில்லை. இருக்கும் பணம் அத்தனையையும் படப்பிடிப்பிலேயே கரைத்துவிட்டு, ஒலிக்கலவைக்கும் திரைப்பட விழாக்களின் நுழைவுக் கட்டணத்துக்கும் கையைப் பிசைவது அங்கிருந்துதான் தொடங்குகிறது.

கேமராவும் இயக்கமும் ஒருவர் கையில் இருந்தால் முதலில் அடிபடுவது ஒலி. கண் ஃபோகஸில் இருக்கும், மனசு நடிப்பில் இருக்கும், காதை யார் கவனிப்பது? என் குறும்படம் ஒன்றில் சமையலறைக் காட்சியை ஒரு நாள் முழுக்க எடுத்தேன். எடிட்டிங்கில் உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது: ஒரு ஷாட்டில் ஃப்ரிட்ஜ் உறுமுகிறது, அடுத்த ஷாட்டில் அடங்கிக் கிடக்கிறது. அம்மா பேசினால் உறுமல், மகன் பேசினால் நிசப்தம். இப்போதெல்லாம் ஃப்ரிட்ஜை அணைத்துவிட்டு வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிடுகிறேன். திரும்பப் போட மறந்துவிட்டு வீட்டுக்குக் கிளம்ப முடியாது, பாருங்கள்! கிளம்பும் முன் அரை நிமிடம் எல்லோரையும் அசையாமல் நிற்கவைத்து, எடிட்டிங்கில் இடைவெளிகளை நிரப்ப அறையின் வெறும் சத்தத்தையும் பதிந்துகொள்கிறேன். ஒரே ஒரு ஆளைத்தான் துணைக்கு அழைக்க முடியும் என்றால், ஹெட்போன் மாட்டிக் கேட்கிறவரை அழையுங்கள்.

அடுத்தது எடிட்டிங். அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பெர்க் தன் படங்களில் தானே செய்யும் ஒளிப்பதிவுக்கு பீட்டர் ஆண்ட்ரூஸ் என்றும், எடிட்டிங்குக்கு மேரி ஆன் பெர்னார்ட் என்றும் புனைபெயர் போட்டுக்கொள்வார். நமக்குப் பெயர் மாறினால் போதாது, ஆளே மாற வேண்டும். அந்த ஒரு ஷாட்டுக்காக விடியற்காலை மூன்று மணிக்கு எழுந்தது இயக்குநருக்குத் தெரியும், எடிட்டருக்குத் தெரியக் கூடாது. தெரிந்தால் வெட்டக் கை வராது. படப்பிடிப்பு முடிந்ததும் இரண்டு வாரம் காட்சிகளைத் தொடாமல் இருங்கள். முதல் வடிவத்தைக் கதை தெரியாத ஒருவருக்குப் போட்டுக் காட்டி, திரையைப் பார்க்காமல் அவரைப் பாருங்கள். எங்கே நெளிகிறாரோ அங்கே வெட்டு.

சின்னதாகத் தெரியும், ஆனால் படத்தையே முடக்கிவிடும் விஷயங்களும் உண்டு. இரண்டு இடத்தில் பிரதி எடுக்காமல் மெமரி கார்டை அழிக்காதீர்கள். ஒரு பாட்டைப் படத்தில் போட, பாடலுக்கு ஓர் அனுமதி, அந்த ஒலிப்பதிவுக்கு இன்னோர் அனுமதி என்று இரண்டு வாங்க வேண்டும். அவசரப்பட்டு இணையத்தில் ஏற்றிய படத்தைச் சில விழாக்கள் எடுத்துக்கொள்வதில்லை.

அப்புறம், சுயவிவரம். நீங்கள் செய்த எல்லாப் பொறுப்புகளையும் அடுக்கி எழுதினால் எதற்கு உங்களைக் கூப்பிடுவது என்று எதிரே இருப்பவருக்குப் புரியாது. எடிட்டிங் வேலை கேட்கும்போது எடிட்டர் என்று மட்டும் சொல்லி, அதற்கான மாதிரிக் காட்சிகளை மட்டும் அனுப்புங்கள். மற்றதெல்லாம் அவர் கேட்டால் வெளியே வரட்டும்.