கல்யாணத்தில் ஒருவர் இல்லாதபோது: மணமக்கள் முன்கூட்டியே செய்ய வேண்டியவை

இறந்துபோன அப்பா, குவைத்தில் லீவு கிடைக்காத அண்ணன், கப்பல் வேலையில் இருக்கும் மாமா, பேச்சே நின்றுபோன அம்மா. யாராக இருந்தாலும் சரி, அவர் இல்லாமல் உங்கள் கல்யாணம் நடக்கப் போகிறது என்றால் இது உங்களுக்குத்தான். நம் வடசென்னைப் பக்கத்தில், வீட்டில் முதல்முறையாகக் கல்யாணம் எடுத்துச் செய்பவர்களை மனதில் வைத்து எழுதுகிறேன்.

அன்றைக்கு அழுகை நாள் முழுக்க ஒரே மாதிரி வராது. அவர் கை பட வேண்டிய இடம் வரும்போதுதான் முட்டிக்கொண்டு வரும். பந்தக்கால் நடும்போது வரும், தாரை வார்க்கும்போது வரும். "பொண்ணோட அப்பா மேடைக்கு வாங்க" என்று விஷயம் தெரியாத ஒருவர் மைக்கில் கூப்பிடும்போதும் வரும். இந்த இடங்கள் எல்லாமே முன்பே தெரிந்தவை. அதனால் தயாராகவும் முடியும்.

முதல் படி: சடங்குகளை வரிசையாக எழுதுங்கள்

ஆயாவையோ பெரியம்மாவையோ பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, பத்திரிகை அடிப்பதில் தொடங்கி மறுவீடு வரை ஒரு நோட்டில் எழுதுங்கள். பந்தக்கால், நலங்கு, தாய்மாமன் சீர், மாலை, தாரை வார்ப்பது, அட்சதை, ரிசப்ஷன் போட்டோ என்று உங்கள் வீட்டு வழக்கம் எதுவோ அது. இல்லாதவர் செய்திருக்க வேண்டிய ஒவ்வொன்றுக்கும் எதிரே ஒரு புள்ளி வையுங்கள். ராயபுரம் பக்கம் சர்ச்சில் கல்யாணம் என்றால் பெண்ணைப் பீடம் வரை கூட்டிப்போவது யார் என்பதில் ஒரு புள்ளி. மண்ணடியில் நிக்காஹ் என்றால் 'வலி'யாக, அதாவது பெண்ணின் பொறுப்பாளராக, நிற்பது யார் என்பதில். அப்பா வெளிநாட்டில் இருந்தால் தன் சார்பில் ஒருவரை நியமிக்க வழி உண்டு. அதை ஜமாத்தில் முன்பே கேட்டுவிடுங்கள்.

இரண்டாம் படி: பத்திரிகையும் பேனரும்

பத்திரிகையில் "அமரர்" போடுவதா, "தெய்வத்திரு" போடுவதா என்பது உங்கள் வீட்டு விருப்பம். பேனர் விஷயத்தில்தான் கவனம் வேண்டும். வியாசர்பாடி, தண்டையார்பேட்டை, காசிமேடு என்று நம் பக்கத்தில் நண்பர்கள் அன்போடு தெருமுனையில் பேனர் கட்டிவிடுவார்கள். அப்பா படத்தையும் எங்கிருந்தாவது எடுத்துப் போட்டுவிடுவார்கள். மண்டபத்துக்குப் போகிற வழியில் அதை முதல்முறையாகப் பார்த்தால் தாங்காது. எந்தப் படம், எவ்வளவு பெரிதாக என்பதை நீங்களே முடிவுசெய்து கொடுங்கள். வேண்டாம் என்றால் வேண்டாம் என்று இப்போதே சொல்லிவிடுங்கள்.

மூன்றாம் படி: யார் கை அது?

இதற்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும். புள்ளி வைத்த ஒவ்வொரு இடத்துக்கும் ஒருவரை முடிவுசெய்து, நீங்களே நேரில் போய்க் கேளுங்கள். "சித்தப்பா, பந்தக்கால் நடும்போது அப்பா இடத்துல நீங்க நிக்கணும்" என்று உங்கள் வாயால் கேட்பதும், யாரோ வந்து தகவல் சொல்வதும் ஒன்றல்ல. கேட்டுவிட்டால் அவர் அன்றைக்கு உங்களுக்காக முழு மனதோடு நிற்பார். கேட்காமல் விட்டால் மேடையிலேயே "யார் செய்யறது" என்று பேச்சு கிளம்பும்.

அப்பா இல்லாத வீடுகளில் நடக்கும் ஒரு கொடுமையையும் சொல்ல வேண்டும். பெரியப்பாவும் பெரியம்மாவும் தாரை வார்த்துக் கொடுக்க, பெற்ற அம்மா கடைசி வரிசை நாற்காலியில் உட்கார்ந்திருப்பார். பொட்டு இல்லை, அபசகுனம் என்பார்கள். அப்பா இல்லாத குறையோடு அம்மாவும் இல்லாத குறையை நாமே உண்டாக்குகிறோம். இதற்கு ஒத்துக்கொள்ளாதீர்கள். என் அக்கா கல்யாணத்தில் அம்மாதான் கைபிடித்துக் கொடுத்தார். அம்மா பக்கத்தில் நின்றதால்தான் அக்கா அன்றைக்கு நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள் என்று இன்றும் நம்புகிறேன்.

இதைச் செய்யும் விதம் இதுதான். முதலில் அம்மாவிடம் பேசுங்கள். பல வருடமாக ஒதுங்கி நின்று பழகியவர் உடனே சரி என்று சொல்லமாட்டார், பொறுமையாகக் கேளுங்கள். அப்புறம் மாப்பிள்ளை வீட்டில் சொல்லுங்கள். அதற்கும் பிறகு, முகூர்த்தத்துக்கு ஒரு மாதம் முன்பாவது, ஐயரிடம் நேரில் பேசுங்கள். அவர் முடியாது என்றால் வேறொருவரைப் பார்க்க நேரம் இருக்கும். "இப்படிச் செய்தால் கல்யாணமே செல்லாது" என்று யாராவது பயமுறுத்தினால் நம்பாதீர்கள். 1967-இல் தமிழ்நாடு கொண்டுவந்த திருத்தம் இந்துத் திருமணச் சட்டத்தில் 7-ஏ பிரிவைச் சேர்த்தது. உறவினர், நண்பர்கள் முன்னிலையில் ஒருவரையொருவர் ஏற்பதாகச் சொன்னாலோ, மாலையோ மோதிரமோ மாற்றிக்கொண்டாலோ, தாலி கட்டினாலோ அந்தக் கல்யாணம் செல்லும். புரோகிதரும் கட்டாயமில்லை, தாரை வார்ப்பதும் கட்டாயமில்லை.

நான்காம் படி: மண்டபத்தில் சொல்லிவையுங்கள்

மைக் பிடிப்பவர், போட்டோகிராபர், புரோகிதர் மூவருக்கும் யார் இல்லை, அவர் இடத்தில் யார் என்பதைச் சீட்டில் எழுதிக் கொடுங்கள். ஐந்து நிமிட வேலை.

ஐந்தாம் படி: நினைப்பதற்குத் தனி நேரம்

முகூர்த்த நேரத்தில் எல்லாவற்றையும் அடைக்காதீர்கள். நம் பக்கத்துப் பல வீடுகளில் கல்யாணத்துக்கு முன்பு பூவாடைக்காரிக்குப் படையல் போடும் வழக்கம் உண்டு. வீட்டில் இறந்துபோன பெண்களை நினைத்துப் புதுத்துணி, பூ, மஞ்சள் வைத்துக் கும்பிடுவது. இறந்தவரை முதலில் அழைத்துவிட்டுத்தான் நல்ல காரியம் தொடங்க வேண்டும் என்று நம் முன்னோர் வைத்த ஏற்பாடு இது, எனக்கு மிகவும் பிடித்ததும்கூட. அன்றைக்கு வீட்டு ஆட்கள் மட்டும் இருப்பார்கள், தாராளமாக அழலாம். அப்பாவுக்கும் இப்படி ஒரு படையலோ, சர்ச்சில் ஒரு மன்றாட்டோ, கல்லறைக்குப் போய்ப் பத்திரிகை வைப்பதோ முந்தின நாட்களில் செய்யுங்கள்.

அம்மாவின் பழைய பட்டுப்புடவையில் ஜாக்கெட் தைக்க நினைத்தால், வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் முகூர்த்தப் புடவை எடுக்கப் போகும்போது அதையும் கையோடு கொண்டுபோய் நிறம் பார்த்து எடுங்கள். பழைய பட்டு மடிப்பில் இற்றுப்போயிருக்கலாம். டெய்லரிடம் காட்டிவிட்டு வெட்டச் சொல்லுங்கள்.

உறவினர்களுக்கு ஒரு வேண்டுகோள். மேடையில் திடீரென்று இறந்தவர் வீடியோ போடுவது, ஆளுயரப் படத்தைத் தூக்கிக்கொண்டு வருவது எதுவானாலும் மணமக்களைக் கேட்காமல் செய்யாதீர்கள். சிலருக்கு அது ஆறுதல், சிலருக்கு ஆறாத காயம்.

ஆறாம் படி: உயிரோடு, தூரத்தில் இருப்பவர்

முடிந்தால் தேதியிலேயே சரிசெய்யப் பாருங்கள். அண்ணன் விசைப்படகில் போகிறவர் என்றால், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் கரையில்தான் இருப்பார். சித்திரை, வைகாசி முகூர்த்தங்கள் அதற்குள்தான் வருகின்றன.

வரவே முடியாதவருக்கு வீடியோ கால். நம் ஊரில் காலை 6 மணி என்றால் துபாயில் 4.30, குவைத்தில் 3.30. இரவு வேலை முடித்துப் படுத்தவரை எழுப்ப ஒருவர் பொறுப்பெடுக்க வேண்டும். அமீரகத்தில் வாட்ஸ்அப் கால் பொதுவாகப் போகாது, போட்டிம் மாதிரி வேறு ஆப்பை முன்பே போட்டுப் பேசிப் பாருங்கள். மண்டபத்துக்குள் சிக்னல் கிடைக்கிறதா என்று முந்தின நாளே நின்று பாருங்கள். போன் பிடிக்க ஒரு தம்பியோ தங்கையோ தனியாக வேண்டும், கையில் பவர் பேங்கோடு. கெட்டிமேளத்தில் எதிர்முனைக்கு ஒன்றும் கேட்காது. அதனால் தாலி கட்டி முடித்ததும் ஒரு அறைக்குள் போய் இரண்டு நிமிடம் முகம் பார்த்துப் பேசுங்கள்.

பேச்சு நின்றுபோனவர் என்றால், கூப்பிடுவதா வேண்டாமா என்பதைப் பத்திரிகை அச்சுக்குப் போவதற்குள் முடிவுசெய்துவிடுங்கள். "அவங்க வரலைங்க, நீங்க சாப்பிடுங்க" என்ற ஒரே பதிலை வீட்டில் எல்லோரும் சொல்லட்டும். காரணம் கேட்பவர்களுக்கு விளக்கம் சொல்ல வேண்டிய கடமை உங்களுக்கு இல்லை.

ஏழாம் படி: அன்றைக்கும் அப்புறமும்

உங்களை நன்றாகத் தெரிந்த ஒரு தோழியோ நண்பனோ முழுநேரமும் பக்கத்தில் இருக்கட்டும். தண்ணீர், கைக்குட்டை, மேடையிலிருந்து ஐந்து நிமிடம் இறக்கிக் கூட்டிப்போகிற உரிமை மூன்றும் அவரிடம். அழுகை வந்தால் அழுங்கள், மேக்கப்பைச் சரிசெய்துகொள்ளலாம். சிரிப்பு வந்தால் குற்ற உணர்வு இல்லாமல் சிரியுங்கள்.

விருந்தெல்லாம் முடிந்து வீடு அடங்கிய பிறகு சிலருக்குத் துக்கம் புதிதாகத் தொடங்கும். துணையிடம் இதைக் கல்யாணத்துக்கு முன்பே சொல்லிவையுங்கள், இல்லையென்றால் தன்மேல் ஏதோ வருத்தம் என்று நினைத்துக்கொள்வார். வாரக்கணக்கில் தூக்கமும் சாப்பாடும் பிடிக்காமல் போனால் 14416 என்ற டெலி மானஸ் மனநல உதவி எண்ணுக்கு எந்த நேரத்திலும் போன் செய்யலாம். அரசு நடத்துவது, இலவசம், தமிழிலேயே பேசலாம்.