மாங்கூழ் ஏற்றுமதி ஒப்பந்தத்தைக் கடைசிப் பக்கத்திலிருந்து படிப்பது எப்படி

கிருஷ்ணகிரியில் மாங்காய் வரத்து தொடங்கும் முன்பே கூழுக்கான வெளிநாட்டு ஒப்பந்தங்கள் மெயிலில் வந்துவிடும். எங்கள் முதலாளி முதல் பக்கத்தைத்தான் பார்ப்பார்: பெங்களூரா ரகக் கூழ், பிரிக்ஸ் (இனிப்பின் அளவு) 14க்குக் குறையக்கூடாது, 215 கிலோ டிரம், கன்டெய்னருக்கு 80 டிரம், டன் விலை இவ்வளவு. "சரியா இருக்கா? சீல் போட்டு அனுப்பிடும்மா" என்பார். அந்தப் பக்கத்தில் தகராறு வருவது அபூர்வம்; வரிக்கு வரி பேரம் பேசி எழுதியதாயிற்றே. யாருமே பேசாமல் வந்து உட்கார்ந்திருப்பது கடைசிப் பக்கம். எந்த நாட்டுச் சட்டம், எங்கே வழக்கு, யார் பொறுப்பு என்பதெல்லாம் அங்கேதான் இருக்கும். ஐ.நா.வும் உலக வர்த்தக அமைப்பும் நம் ஃபேக்டரி கேட்டுக்குள் வருவதும் அந்த வழியாகத்தான்.

ஏற்றுமதி டாக்குமென்ட் வேலைக்குப் புதிதாக வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்லிக்கொடுப்பது இது. நான் வக்கீல் இல்லை. பெரிய தொகை என்றால் வக்கீலிடம்தான் போக வேண்டும். ஆனால் அவரிடம் எதைக் கேட்பது என்று தெரிந்துகொண்டு போங்கள்.

முதலில் "எந்தச் சட்டம்" என்ற வரியைத் தேடுங்கள். இந்தியச் சட்டம் என்று இருந்தால் நம் 1930ஆம் ஆண்டு சரக்கு விற்பனைச் சட்டம் பொருந்தும். நெதர்லாந்து சட்டம் என்று இருந்தால் நெதர்லாந்துக்காரர் எழுதியது மட்டும் என்று நினைத்துவிடாதீர்கள். அதோடு சேர்ந்து இன்னொன்றும் வரும்: 1980இல் வியன்னாவில் உருவாகி, 1988இல் நடைமுறைக்கு வந்த ஐ.நா. பொருள் விற்பனை உடன்படிக்கை. 90க்கும் மேற்பட்ட நாடுகள் அதில் சேர்ந்திருக்கின்றன. இந்தியா சேரவில்லை. இதில் ஒரு வேடிக்கை உண்டு. அந்த உடன்படிக்கையைத் தயாரித்தது அன்சிட்ரால் என்ற ஐ.நா. ஆணையம். 1966இல் அதை அமைத்தபோதே, வளரும் நாடுகளின் வர்த்தகத்தை மனதில் வைத்துத்தான் ஐ.நா. பொதுச்சபை அமைத்தது. இந்தியா தொடக்கத்திலிருந்தே அதில் உறுப்பினர். மேசையில் உட்கார்ந்து எழுதிவிட்டு, கையெழுத்து மட்டும் இன்னும் போடவில்லை! ஆனாலும் நெதர்லாந்து, ஜெர்மனி போன்ற உறுப்பு நாட்டின் சட்டத்தை ஒப்பந்தத்தில் ஏற்றுக்கொண்டால், அந்த உடன்படிக்கை நமக்கும் பொருந்திவிடும்.

"இந்த உடன்படிக்கை பொருந்தாது" என்று ஒரு வரி சேர்த்து அதை விலக்கிவிடலாம்; அப்படி விலக்க அதிலேயே அனுமதி இருக்கிறது. நிறைய பேர் பழக்கத்தில் அப்படியே செய்கிறார்கள். கூழ் விற்கும் நாம் கண்ணை மூடிக்கொண்டு விலக்கக்கூடாது என்பது என் கருத்து. சரக்கு போய்ச் சேர்ந்ததும் பயர் (வாங்குபவர்) சீக்கிரம் பரிசோதிக்க வேண்டும், குறை இருந்தால் நியாயமான காலத்துக்குள் இன்ன குறை என்று தெரிவிக்க வேண்டும், எப்படியானாலும் இரண்டு ஆண்டுக்கு மேல் போகக்கூடாது என்று அது சொல்கிறது. தெரிவிக்காமல் விட்டால் கேட்கும் உரிமை போய்விடும். குறை மிகப் பெரியதாக இல்லாவிட்டால் ஒப்பந்தத்தையே ரத்து செய்யவும் விடாது. விலைக் குறைப்பு, நஷ்ட ஈடு போன்றவற்றைத்தான் கேட்கலாம். மார்க்கெட் விலை இறங்கிய பிறகு திடீரென்று "நிறம் சரியில்லை" என்று மெயில் போடும் பயரிடம் இது நல்ல பிடி.

இன்னொன்றும் இருக்கிறது. 1995இல் ஜெர்மனியின் உச்ச நீதிமன்றம் ஒரு சிப்பி வழக்கைத் தீர்த்தது. சுவிட்சர்லாந்து வியாபாரி நியூசிலாந்துச் சிப்பியை ஜெர்மன் பயருக்கு விற்றிருந்தார். ஜெர்மனி பரிந்துரைத்த அளவைவிடக் காட்மியம் அதிகம் என்று பயர் பணம் தர மறுத்தார். இறக்குமதி செய்யும் நாட்டின் அப்படிப்பட்ட விதிகளையெல்லாம் விற்பவர் தானாகத் தெரிந்து வைத்திருக்க வேண்டும் என்று பொதுவாக எதிர்பார்க்க முடியாது என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. விதிவிலக்குகள் உண்டு, ஒப்பந்தத்திலேயே அந்த விதிகளை எழுதி ஒப்புக்கொண்டிருந்தால் தப்ப முடியாது. ஆகவே "சேரும் நாட்டின் எல்லா விதிகளுக்கும் இணங்கியிருக்க வேண்டும்" என்ற வரி கண்ணில் பட்டால் அங்கேயே நில்லுங்கள். இந்த வரிக்குப் பின்னால் மறுபடி வருகிறேன்.

அடுத்தது தகராறு எங்கே தீர வேண்டும் என்ற வரி. "கிருஷ்ணகிரி நீதிமன்றம்" என்று போட்டால் பாதுகாப்பு என்று உள்ளூரில் ஒரு எண்ணம். ஜெயித்த டிகிரியை (நீதிமன்றத் தீர்ப்பாணையை) கையில் வைத்துக்கொண்டு ராட்டர்டாம் கிடங்கில் உள்ள சரக்கை நேரே ஜப்தி செய்ய முடியாது. நீதிமன்றத்துக்குப் பதில் இரு தரப்பும் ஒப்புக்கொண்ட நடுவர் தரும் தீர்ப்பு என்றால் அங்கே போயும் செல்லுபடியாகும். அதற்கு 1958ஆம் ஆண்டின் நியூயார்க் உடன்படிக்கை இருக்கிறது. 170க்கும் மேற்பட்ட நாடுகள் அதில் உண்டு, இந்தியா 1960லேயே சேர்ந்துவிட்டது. நடுவர் ஒருவர் போதும் என்று எழுதுங்கள். இரண்டு கன்டெய்னர் தகராறுக்கு மூன்று நடுவர் வைத்தால் அவர்கள் கட்டணத்திலேயே கூழ் கரைந்துவிடும். நடுவர் மன்றம் எந்த ஊரில், எந்த மொழியில், எந்த அமைப்பின் விதிப்படி என்பவற்றையும் எழுதிவிடுங்கள். துபாய் பயர் "துபாய் நீதிமன்றம்" என்று கேட்டால் கொஞ்சம் யோசிக்க வேண்டும். 2020 ஜனவரியில் வந்த அரசிதழ் அறிவிப்புக்குப் பிறகு, ஐக்கிய அரபு அமீரக நீதிமன்ற டிகிரியை இங்கே மாவட்ட நீதிமன்றத்திலேயே நிறைவேற்றக் கேட்கலாம். அங்கே நாம் ஆஜராகாமல் விட்டால் இங்கே கதவைத் தட்டும்.

சரக்கின் செலவும் ரிஸ்க்கும் எங்கே கைமாறும் என்று காட்டும் எஃப்.ஓ.பி., சி.ஐ.எஃப். போன்றவை சட்டமே இல்லை. பாரிஸில் உள்ள சர்வதேச வணிகச் சபை 1936 முதல் வெளியிட்டு வரும் இன்கோடெர்ம்ஸ் என்ற வணிகச் சொற்கள் அவை. ஒப்பந்தத்தில் எழுதினால்தான் கட்டுப்படுத்தும். பக்கத்தில் "இன்கோடெர்ம்ஸ் 2020" என்று ஆண்டையும் போட்டுவிடுங்கள். எங்கள் பக்கம் எல்லோரும் "எஃப்.ஓ.பி. சென்னை" என்றுதான் எழுதுகிறோம். அப்படியென்றால் சரக்கு கப்பலில் ஏறும் வரை ரிஸ்க் நம்முடையது. கன்டெய்னரைத் துறைமுகத்தில் ஒப்படைத்துவிட்டு, அது கப்பலேறக் காத்திருக்கும் நாட்களுக்கும் நாம்தான் பொறுப்பு. எஃப்.சி.ஏ. என்று மாற்றினால் ஒப்படைத்த இடத்திலேயே நம் ரிஸ்க் முடிந்துவிடும்.

எல்.சி. (பயரின் வங்கி பணம் தரப் பொறுப்பேற்கும் கடிதம்) பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2007 முதல் நடப்பில் உள்ள யு.சி.பி. 600 விதிகளின்படி வங்கி பார்ப்பது காகிதத்தை மட்டும்; டிரம்மில் கூழ் இருக்கிறதா குழாய்த் தண்ணீர் இருக்கிறதா என்று அது பார்க்காது. எல்.சி.யில் சரக்கின் விவரம் எப்படி இருக்கிறதோ அப்படியே இன்வாய்ஸில் இருக்கட்டும். வேறு தேதி குறிப்பிடாவிட்டால், சரக்கு ஏறிய 21 நாளுக்குள் டாக்குமென்டுகளைக் கொடுத்துவிட வேண்டும். வங்கிக்குச் சரிபார்க்க ஐந்து வேலை நாள். பில் ஆஃப் லேடிங் என்ற கப்பல் கம்பெனி ரசீதோடு போன சரக்கில், வழியில் டிரம்முக்குள் இருக்கும் பை ஒழுகித் தகராறு வந்தால், கப்பல் கம்பெனி மேல் வழக்குப் போட 1924இல் பிரஸ்ஸல்ஸில் உருவான ஹேக் விதிகளின் ஓராண்டுக் கெடுவை மறக்காதீர்கள். இந்தியாவில் அவ்விதிகள் 1925ஆம் ஆண்டுச் சட்டமாக இருந்தன. 2025இல் அதன் இடத்தில் புதிய சட்டம் வந்தது.

சரி, "சேரும் நாட்டின் எல்லா விதிகளும்" என்ற வரிக்கு வருவோம். ஐரோப்பாவுக்கு அனுப்பும்போது அந்த வரிக்குள் பூச்சிமருந்து எச்ச எல்லை ஒளிந்திருக்கிறது. தனி எல்லை வகுக்கப்படாத மருந்துக்கு அங்கே பொது எல்லை கிலோவுக்கு 0.01 மில்லிகிராம். நம் தோட்டங்களில் பலரும் பெயர் சொல்லிக் கேட்கும் குளோர்பைரிபாஸுக்கு 2020இல் ஐரோப்பிய ஒன்றியம் அனுமதியைப் புதுப்பிக்கவில்லை. அதே ஆண்டு நவம்பரில் அதன் எல்லையும் 0.01க்கு இறங்கியது. முந்தைய சீசனில் போன கூழ் அடுத்த சீசனில் போகாமல் நிற்பது இப்படித்தான்.

ஒரு நாடு இஷ்டத்துக்கு எல்லை வைக்கலாமா? உலக வர்த்தக அமைப்போடு 1995இல் நடைமுறைக்கு வந்த தாவர, விலங்கு நல ஒப்பந்தம் இதற்கு ஒரு வரம்பு வைக்கிறது. உணவு வேளாண்மை அமைப்பும் உலக சுகாதார அமைப்பும் சேர்ந்து 1963 முதல் நடத்தும் கோடெக்ஸ் ஆணையத்தின் அளவுகளை நாடுகள் அடிப்படையாகக் கொள்ள வேண்டும். அதைவிடக் கடுமையாக்கினால் அறிவியல் காரணம் காட்ட வேண்டும். காகிதத்தில் நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் ஆய்வுக்கூடமும் நிபுணர்களும் உள்ள நாடு காரணம் காட்டிவிடும். அதை மறுக்க நம் அரசு உலக வர்த்தக அமைப்பு இருக்கும் ஜெனீவாவுக்குப் போக வேண்டும், காவேரிப்பட்டணத்து விவசாயி போக முடியாது. 2014 மே மாதம் பழ ஈ காரணமாக ஐரோப்பா இந்திய மாம்பழத்தை நிறுத்தியபோது, பேச்சு நடந்து, அடுத்த ஆண்டு ஜனவரியில்தான் தடையை நீக்க முடிவானது. கூழுக்கு அந்தத் தடை இல்லை, சூடாக்கிப் பதப்படுத்துவதால் ஈ பிரச்சினை கிடையாது. மருந்து எச்சம் அப்படிச் சூட்டில் போய்விடும் என்று நம்பி உட்கார முடியாது.

நாம் செய்யக்கூடியது இரண்டு. அந்த வரியை "ஒப்பந்தத் தேதியில் நடப்பில் உள்ள விதிகள்" என்று மாற்றக் கேளுங்கள். எந்தெந்த மருந்து, எவ்வளவு எல்லை என்ற பட்டியலையும் இணைப்பாக வாங்குங்கள். பெரிய பயர் தேதியை மாற்ற ஒத்துக்கொள்ளமாட்டார், பட்டியலைத் தந்துவிடுவார். அதுவே பாதி வேலை. அப்புறம் இ-பிங் என்ற இணையதளத்தில் இலவசமாகப் பதிவு செய்யுங்கள். ஐ.நா.வும் உலக வர்த்தக அமைப்பும் சர்வதேச வர்த்தக மையமும் சேர்ந்து நடத்துவது. பொருளையும் நாட்டையும் குறித்துவிட்டால், புதிய விதி வரைவாக இருக்கும்போதே மெயில் வரும். கருத்துச் சொல்லப் பொதுவாக 60 நாள் தருவார்கள்.

அந்த மெயிலைப் பிரிண்ட் எடுத்து ஃபைலில் வைத்தால் பிரயோஜனமில்லை. இங்கே மாமரம் மார்கழி, தையில் பூக்கும். தத்துப்பூச்சிக்கு மருந்து அடிப்பதும் அப்போதுதான். ஒப்பந்தம் ஏப்ரலில் வரும்போது மருந்து ஏற்கெனவே காய்க்குள் போயிருக்கும். நேரடியாகத் தோட்டம் பிடிப்பவர்கள் பூ எடுக்கும்போதே போய், எந்த மருந்து கூடாது என்று தமிழில் எழுதிக் கொடுத்து, அடித்த தேதியை நோட்டில் குறிக்கச் சொல்லுங்கள். மண்டியில் வாங்கும் காய்க்கு இது நடக்காது. எந்தத் தோட்டத்துக் காய் எந்த லோடில் வந்தது என்பது மண்டிக்காரருக்கே தெரியாது. அந்தக் கூழை லாட் வாரியாகப் பிரித்து ஆய்வகச் சோதனை செய்யுங்கள். 0.01ஐத் தாண்டிய லாட்டின் டிரம்மில் ஐரோப்பா லேபிள் ஒட்டாமல், எல்லை தளர்வாக உள்ள நாட்டு ஆர்டருக்கு அறிக்கையோடு ஒதுக்கிவிடுங்கள்.