எந்த ஊர் என்று படம் சொல்கிறதா? நிலக்காட்சி ஓவியத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தென்னை இரண்டு, குடிசை ஒன்று, பின்னால் மலை, முன்னால் ஓடை. வரைந்தவர் ஆனைமலை அடிவாரம் என்பார். நாகர்கோவில் என்றாலும் நம்புவோம், பாலக்காடு என்றாலும் நம்புவோம். நேரில் போய் மூன்று மணி நேரம் வெயிலில் காய்ந்து வரைந்த படம்கூடச் சில சமயம் இப்படித்தான் முடிகிறது. கைப்பழக்கம் போதாததால் வருவதில்லை இது. எதிரே நிற்பதைப் பார்க்காமல், மனதில் ஏற்கெனவே பதிந்துபோன 'கிராமம்', 'கோயில்', 'கடற்கரை' என்ற அச்சுகளைத் தாளில் இறக்குவதால் வருகிறது.

தொல்காப்பியம் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்கிறது. மரம், பறவை, தொழில் எல்லாம் அதற்கு அடுத்த கருப்பொருள்தான். அகப்பாட்டுக்குச் சொன்ன இந்த வரிசை தூரிகைக்கும் பொருந்துகிறது. ஊருக்குள் அட்டையோடு போகிறவர்கள் செய்யும் பிழைகளில் பாதி, இந்த வரிசையைத் தலைகீழாக்குவதில்தான் ஆரம்பிக்கிறது. கீழே சொல்வதெல்லாம் நேரில் உட்கார்ந்து நீர்வண்ணத்தில் வரைவதை வைத்து. அக்ரிலிக், எண்ணெய் வண்ணக்காரர்களுக்கும் முக்கால்வாசி பொருந்தும்.

பொழுதைப் பார்க்காமல் இடத்தைப் பிடிப்பது

சூரியன் ஒரு மணி நேரத்துக்கு 15 பாகை நகர்கிறது. இரண்டு மணி நேரம் வரைந்தால் 30 பாகை. முதலில் போட்ட நிழல் ஒரு பக்கம், கடைசியில் போட்ட நிழல் வேறு பக்கம் என்று ஒரே படத்தில் இரண்டு சூரியன் வந்துவிடும். பார்ப்பவருக்கு என்ன பிழை என்று சொல்லத் தெரியாது. ஏதோ ஒட்டவில்லை என்பது மட்டும் தெரியும்.

செய்ய வேண்டியது சின்ன வேலை. வண்ணம் திறப்பதற்கு முன்பு தீப்பெட்டி அளவில் ஒரு கட்டம் போட்டு, மூன்றே டோனில் காட்சியைப் பிரிக்க வேண்டும்: தாளின் வெள்ளை, நடுத்தரம், கருமை. பத்து நிமிடம் போதும். அதில் நிழல் எங்கே இருக்கிறதோ அங்கேதான் கடைசி வரை இருக்கும். வெயில் என்ன செய்தாலும் படத்தில் மாற்றக் கூடாது. நடுவில் மேகம் மூடித் திறந்தால் "இப்போது இன்னும் அழகாக இருக்கிறதே" என்று கை துறுதுறுக்கும். அது அடுத்த படத்துக்கு.

நம் ஊரில் இன்னொரு சிக்கல் உண்டு. தமிழ்நாடு ஏறத்தாழ 8 முதல் 13.5 பாகை வட அட்சத்துக்குள் இருப்பதால் வெயில் சீக்கிரம் தலைக்கு மேலே ஏறிவிடும். சூரியன் அடிவானத்திலிருந்து 45 பாகை உயரத்தைத் தாண்டினால் நிழல் பொருளின் உயரத்தைவிடக் குறுகிவிடும். கோடையில் ஒன்பது மணிக்கெல்லாம் அந்த நிலை. சென்னையில் ஏப்ரல் கடைசி வாரத்திலும் ஆகஸ்ட் மூன்றாம் வாரத்திலும் உச்சிவேளைச் சூரியன் கிட்டத்தட்ட நேர் மேலே நிற்கும். சுவரும் தரையும் ஒரே வெளுப்பாகித் தெருவுக்கு ஆழமே இருக்காது. ஆறேகாலிலிருந்து எட்டரை, நாலிலிருந்து ஆறு. நல்ல ஒளி இவ்வளவுதான். உச்சி வெயிலையே வரைய ஆசையென்றால் தாழ்வாரம், பந்தல், மண்டபம் இவற்றின் உள்ளிருந்து வெளியே பார்த்து வரையுங்கள். இருட்டுச் சட்டத்துக்குள் அந்த வெளுப்பே படமாகும்.

கோபுரம் எந்தத் திசை பார்க்கிறது என்று விசாரிக்காமல் கிளம்புவதும் வழக்கமான பிழை. கிழக்குக் கோபுரத்தை வெளியிலிருந்து வரையக் காலையில் போக வேண்டும். மாலையில் அது கறுத்த நிழலுருவம்தான். திருவரங்கத்து ராஜகோபுரம் தெற்கு நோக்கியது. 13 நிலை, 236 அடி, 1987இல் கட்டி முடிந்தது. மே, ஜூன், ஜூலையில் சூரியன் அந்த ஊருக்கு வடக்காகவே நாள் முழுக்கப் போவதால் கோபுரத்தின் தெற்கு முகத்தில் நேர் வெயில் படாது. மார்கழியில் போனால் காலை முதல் மாலை வரை வெயில் கிடைக்கும். காலையிலும் மாலையிலும் பக்கவாட்டு ஒளியில் ஒவ்வொரு நிலையும் தனித்தனியாகப் பிரிந்து நிற்கும். இந்த விவரம் தெரியாமல் கோடை விடுமுறையில் போய்விட்டு, "வண்ணம் மங்கலாகவே வருகிறது" என்று தாளைக் குறை சொல்லிப் பயனில்லை.

கிழக்குக் கரையில் கணக்கு வேறு. காலையில் சூரியன் கடல் பக்கம். மாமல்லபுரத்துக் கடற்கரைக் கோயிலை நிலப்பக்கமிருந்து பார்த்தால் ஒளி எதிரே வரும். கல் நிழலுருவாகும், கடல் வெள்ளித் தகடாகும். பிற்பகலில் வெயில் முதுகுப் பக்கம் வந்துவிடும். கல்லின் பழுப்பும் கடலின் நீலமும் தெரியும். நெய்தலுக்கு எற்பாடு, அதாவது பொழுது சாயும் நேரம், என்று முன்னோர் வைத்ததை நம் கரையில் உட்கார்ந்து வரைகிறவர் மறுக்க மாட்டார்.

ஒரே பச்சை, ஒரே மரம்

குழாயிலிருந்து பிதுக்கிய சாப் கிரீனை அப்படியே வயலுக்கும் மரத்துக்கும் புல்லுக்கும் பூசுவது எல்லோரும் செய்வது. பச்சையைக் கலந்து எடுப்பதே நல்லது. லெமன் எல்லோவும் அல்ட்ராமரீன் நீலமும் சேர்ந்தால் இளம்பச்சை. அதில் கொஞ்சம் பர்ன்ட் சியன்னா என்ற செம்பழுப்பை விட்டால் புழுதி படிந்த வேம்பு. நீலம் கூடினால் தூரத்துத் தோப்பு. தூரம் போகப்போகப் பச்சையில் மஞ்சள் குறைய வேண்டும். கடைசி வரிசை மரங்கள் நீலச் சாம்பலாகத்தான் தெரியும்.

வயல் என்றால் எந்த மாத வயல்? டெல்டாவில் புரட்டாசியில் சம்பா நட்ட வயலில் பச்சையைவிடத் தண்ணீரே அதிகம். வானம் முழுக்க அதில் கிடக்கும், நடுவே மெல்லிய பச்சைக் கோடுகள். அங்கே முதல் வாஷ், அதாவது தண்ணீர் கலந்து பரப்பும் வண்ணப் பூச்சு, வானத்தின் நிறம்தான். ஒன்றரை மாதம் கழித்து நீர் மறைந்து அடர்பச்சைப் பாய் விரியும். தை பிறக்கும்போது கதிர் தலைசாய்ந்து மஞ்சள் ஏறிவிடும். மூன்றுக்கும் ஒரே பச்சையைப் போட்டால் தஞ்சாவூர்க்காரர் ஒரு பார்வையில் கண்டுபிடித்துவிடுவார்.

பனையையும் தென்னையையும் ஒன்றுபோல வரைவது அதைவிடப் பெரிய குற்றம். தென்னையோலை இறகு மாதிரி, நடுநரம்பிலிருந்து இருபுறமும் சரியும். மரம் சாம்பல் நிறம், வளைந்து சாயும், மட்டை விழுந்த வளையங்கள் தெரியும். பனையோலை விசிறி, விறைப்பு, நீலம் கலந்த சாம்பல் பச்சை. மரம் கறுத்து நிமிர்ந்து நிற்கும். தலைப்பகுதி கிட்டத்தட்ட உருண்டை, அதற்குக் கீழே காய்ந்த ஓலை பழுப்பாகத் தொங்கும். அந்தக் காய்ந்த ஓலையை விட்டுவிட்டால் பனை, பனையாகவே தெரியாது. இராமநாதபுரத்துக் கண்மாய்க் கரையில் பனைக்குப் பக்கத்தில் தலை தட்டையான குடைவேல மரம் நிற்கும். இவ்விரண்டு உருவங்களும் சரியாக அமைந்தால் மலையோ குடிசையோ இல்லாமலே ஊர் தெரிந்துவிடும்.

மண்ணுக்கும் இதே கவனம் வேண்டும். தூத்துக்குடி மாவட்டத்துத் தேரிக்காட்டில் மணல் செக்கச்செவேல். மெரினா மணல் மங்கிய சாம்பல் பழுப்பு. அலை தொட்டுப் போன ஈரமணல் காய்ந்த மணலைவிடக் கறுப்பு, ஆனால் வானத்தைக் காட்டும். யெல்லோ ஆக்கர் என்ற மண் மஞ்சளை மட்டும் நம்பினால் எல்லா மணலும் ஒரே மணலாகும்.

நிழலைக் கறுப்பால் போடாதீர்கள் என்று எல்லா ஆசிரியர்களும் சொல்கிறார்கள். பாதிதான் சொல்கிறார்கள். சுண்ணாம்புச் சுவரின் நிழலில் மேற்பகுதி வானத்தால் நீலம் பூத்திருக்கும், கீழ்ப்பகுதி செம்மண்ணின் எதிரொளியால் இளஞ்சிவப்பாக வெதுவெதுக்கும். அல்ட்ராமரீனும் பர்ன்ட் சியன்னாவும் கலந்த சாம்பலை மேலே நீலம் தூக்கலாக, கீழே சியன்னா தூக்கலாக ஒரே ஈரத்தில் இறக்குங்கள். காரைக்குடி தெருவுக்கு வெயில் வந்துவிடும்.

வானம் பற்றி ஒரு வார்த்தை. கடலோர ஊர்களில் ஈரப்பதத்தால் அடிவானம் நீலமாக இருப்பதே இல்லை; வெளுத்துப் பால் கலந்ததுபோல இருக்கும். மேலிருந்து கீழ்வரை ஒரே கோபால்ட் நீலத்தைப் பூசினால் அது காஷ்மீர்.

கோபுரத்தைப் பொம்மை பொம்மையாக வரைவது

கோபுரத்தைத் தொட்டதும் சுதையுருவங்களில் இறங்கிவிடுகிறோம். மூன்றாம் நிலை முடிவதற்குள் வெயில் போய்விடும், மேல்நிலைகளுக்குத் தாளில் இடமும் இருக்காது. முதலில் மொத்த உயரத்துக்கும் அடி அகலத்துக்கும் உள்ள விகிதத்தைப் பென்சிலை நீட்டி அளந்து குறியுங்கள். பிறகு இருபுறச் சாய்வு. அது நேர்கோடு என்று நினைக்க வேண்டாம், பல கோபுரங்களில் லேசாக உள்வாங்கி வளைந்திருக்கும். அடுத்து நிலைகள். மேலே போகப்போக நிலையின் உயரம் குறையும். சம உயரத்தில் அடுக்கினால் அடுக்குமாடிக் குடியிருப்பு. ஒவ்வொரு நிலையிலும் கபோதத்தின், அதாவது வெளியே நீளும் இறவாரத்தின், கீழே விழும் நிழல் பட்டைதான் கோபுரத்தைக் கட்டி நிறுத்துகிறது. அதை மட்டும் சரியாகப் போட்டு, கண் போய் நிற்கும் ஓர் இடத்தில் ஐந்தாறு உருவங்களைத் தெளிவாக்கினால் மீதியைப் பார்ப்பவரின் கண்ணே வரைந்துகொள்ளும்.

சிற்பம் சிற்பமாகத் தெரிய வேண்டுமென்றால் ஆனந்த விகடனில் வந்த ஓவியர் சில்பியின் கோயில் சித்திரங்களைப் பாருங்கள். ஆனால் அது கோட்டோவியம், பொறுமையின் உச்சம். ஒன்றரை மணி நேர நீர்வண்ணத்தில் அந்த வேலையை முயல்வது வீண்.

கருவறைக்கு மேல் எழும் விமானத்தை வாசல் கோபுரம்போல வரைந்துவிடுவதும் நடக்கிறது. கோபுரத்தின் அடி நீள்சதுரம். உச்சியில் படகைக் கவிழ்த்ததுபோன்ற கூரை, அதன்மேல் வரிசையாகக் கலசங்கள். 1010இல் முடிந்த தஞ்சைப் பெரிய கோயில் விமானம் சதுர அடியிலிருந்து குறுகி எழுந்து, உருண்ட சிகரத்தில் ஒற்றைக் கலசத்தோடு முடியும். நீள்சதுரக் கோபுரம் பக்கவாட்டிலிருந்து மெலிந்து தெரியும், சதுர விமானம் எந்தப் பக்கமும் ஒரே பருமன்.

மனிதர்கள் மிதப்பது

சமதரையில் நீங்கள் நின்று வரைந்தால், உங்கள் உயரமுள்ளவர்களின் தலைகள் அருகிலிருந்தாலும் தொலைவிலிருந்தாலும் கண்மட்டக் கோட்டிலேயே வரும். கால்தான் ஏறி இறங்கும். முக்காலியில் உட்கார்ந்தால் அந்தக் கோடு நிற்பவர்களின் வயிறு, மார்பு அளவில் போகும். இதைக் கவனிக்காமல் ஆட்களைக் கடைசியில் ஒட்டினால் பாதிப் பேர் குள்ளமாகவும் பாதிப் பேர் அந்தரத்திலும் நிற்பார்கள். தலையைப் பெரிதாகப் போடுவது இன்னொரு பழக்கம். உடல் உயரத்தில் ஏழரையில் ஒரு பங்கு போதும், தூரத்தில் அதைவிடச் சற்றுச் சிறிதாகவே போடலாம்.

முகம் தேவையில்லை, நிற்கும் விதம் தேவை. இடுப்பில் குடம் வைத்தவரின் இடுப்பு குடத்தின் பக்கம் தள்ளும், மேலுடல் எதிர்ப்பக்கம் சாயும், வெறுங்கை விலகி நிற்கும். மடித்துக்கட்டிய வேட்டி முழங்காலில் முடியும், அதற்குக் கீழே இரண்டு கறுத்த கோடுகள்தான் கால்.

காசிமேட்டிலோ நாகப்பட்டினத்திலோ உட்கார்ந்து, எதிரே வரிசையாக நிற்கும் ஃபைபர் படகுகளை விட்டுவிட்டு நினைவிலிருந்து கட்டுமரம் வரைகிறவர்களும் இருக்கிறார்கள். நைலான் வலைக் குவியலின் பச்சையும் ஐஸ் பெட்டியின் நீலமும்தான் இன்றைய கரையின் நிறம். தெருவில் மின்கம்பி, மாடியில் கறுப்புத் தண்ணீர்த் தொட்டி, சுவரில் போஸ்டர் எல்லாவற்றையும் துடைத்துவிட்டால் மிஞ்சுவது காலண்டர். அத்தனையும் வேண்டாம், பத்துக் கம்பியில் இரண்டை வையுங்கள். 1792-93இல் தென்னிந்தியாவைச் சுற்றிய ஆங்கில ஓவியர்கள் தாமஸ் டேனியலும் வில்லியம் டேனியலும், காட்சியின் பிம்பத்தைத் தாளில் விழச் செய்யும் கேமரா அப்ஸ்கூரா பெட்டியை வைத்துக் கட்டடங்களைத் துல்லியமாகவே வரைந்தார்கள். ஆனாலும் பல படங்களில் ஒளி மட்டும் இங்கிலாந்து மாலைபோல இதமாக இருக்கிறது. அளவு சரியாக இருந்தும் ஊர் நழுவ முடியும்.

ஈரம், தாள், குடை

மே மாதத்தில் வாஷ் நாலைந்து நிமிடத்தில் காய்ந்துவிடும். ஐப்பசி மழையில் அரை மணி ஆனாலும் ஈரம் போகாது. பாதி காய்ந்த வாஷில் அதைவிட ஈரமான தூரிகையால் தொட்டால், தண்ணீர் நிறத்தை ஓரத்துக்குத் தள்ளிப் பூக்கோசு மாதிரி கறை விழும். தாளைச் சாய்த்துப் பாருங்கள்: பளபளப்பு இருந்தால் தொடலாம், முழுக்க மங்கிக் காய்ந்திருந்தாலும் தொடலாம், நடுவில் கூடாது. கோடையில் ஒரு டம்ளர் தண்ணீருக்கு நாலைந்து சொட்டு கிளிசரின் விட்டால் காய்வது தாமதமாகும். கூடினால் படம் ஒட்டிக்கொண்டே இருக்கும்.

வானத்துக்கு மோர்ப் பதம், நடு டோனுக்குப் பால் பதம், கடைசிக் கருமைக்குத் தயிர்ப் பதம். பலரும் மூன்றையும் மோரிலேயே முடித்துவிடுகிறார்கள். நீர்வண்ணம் காய்ந்தால் ஒரு படி வெளுக்கும் என்பதால் அந்தப் படம் வீட்டுக்கு வரும்போது சோகை பிடித்திருக்கும்.

தாள் 300 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்கு 300 கிராம் எடை), முழுப் பருத்தி. 200க்குக் கீழே போனால் பள்ளம் விழுந்து தண்ணீர் தேங்கும். கடலோர ஈரத்தில் திறந்து கிடந்த தாளின் பசை கெட்டு, வண்ணம் அங்கங்கே புள்ளி புள்ளியாக உறிஞ்சப்படும். சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு பாலிதீன் உறையில் மூடி வையுங்கள். தாள்மேல் நேர் வெயில் பட்டால் கண் கூசி எல்லாவற்றையும் தேவைக்கு மேல் கருமையாகப் போட்டுவிடுவீர்கள். சிவப்பு, நீலக் குடை அதன் நிறத்தைத் தாளில் கொட்டும். கறுப்புக் குடை நல்லது. கூலிங் கிளாஸைக் கழற்றுங்கள்.

மீதியை வீட்டில் போட்டோ பார்த்து முடிப்பதாக இருந்தால், போனின் வைட் லென்ஸ் தூரத்துக் கோபுரத்தைச் சுருக்கி அருகிலுள்ள சைக்கிளைப் பெரிதாக்கும். 2எக்ஸில் எடுங்கள். வெளிச்சத்துக்கு ஒன்று, நிழலுக்கு ஒன்று என இரண்டு எடுங்கள், இல்லாவிட்டால் நிழலெல்லாம் கரியாகத் தெரியும்.

கிளம்பும் முன் தாளைத் திருப்பி ஊர், தேதி, மணி, காற்று எந்தப் பக்கம் என்று எழுதிவிடுங்கள். ஆங்கில நிலக்காட்சி ஓவியர் ஜான் கான்ஸ்டபிள் 1821, 22இல் லண்டனின் ஹாம்ப்ஸ்டெட்டில் வரைந்த மேகப் படங்கள் பலவற்றின் பின்னால் இப்படித்தான் குறித்திருக்கிறார். மை பேனா வேண்டாம், ஈரம் பட்டால் முன்பக்கம் ஊறும், பென்சிலால் எழுதுங்கள்.